வாணிபமும் உத்ஸர்க்க சமிதியும்



இல்லறத்தார்க்கு வாணிபம் விலக்கப்பட்டதன்று. கற்பக மரங்கள் மறைந்து, வாழும் வகையறியாது மக்கள் திகைத்து நின்ற காலத்தில், ஆதி பகவனாகிய விருஷப தேவர் அவர்கட்கு ஆறு தொழில்களை அறிவித்தருளினார் என்பது நாம் அனைவரும் அறிந்ததே. வாள், எழுத்து, உழவு, வித்தை, வாணிபம், சிற்பம் என்பன அவை. இவ்வாறனுள் வாணிபமும் சிற்பமும் தனித்தனியே எண்ணப்பட்டிருப்பதை ஊன்றி நோக்குதல் வேண்டும். சிற்பம் என்றது கல்லில் உருவம் சமைக்கும் கலையை மட்டும் குறித்ததன்று. கைத்திறத்தால் மக்கட்குப் பயன்படும் பொருள்களை ஆக்கும் தொழில்கள் யாவும் அதனுள் அடங்கும். இற்றைநாள் ஆலைத் தொழில் அதன் வழிவந்ததே. வாணிபமோ, ஆக்கிய பொருளை வேண்டுவோரிடம் சேர்ப்பித்து அதனால் ஊதியம் பெறுவது. ஒன்று பயனை நோக்கியது. மற்றொன்று ஊதியத்தை நோக்கியது. இரண்டும் ஒன்றையொன்று தாங்கிச் செல்லும்வரை உலகியல் இனிது நடைபெறும். ஊதியமே தலைமையேற்று, தொழிலையும் தொழிலாளரையும் தொழில் நடக்கும் ஊரையும் தன் ஏவலுக்கு உட்படுத்திக் கொள்ளுமாயின் விளைவது யாது? இவ்வினாவிற்கு நம் தமிழகத்துப் பழநி மலைத் தொடரில் ஒரு விடை கிடைத்துள்ளது. அவ்விடையை அறநூல்களின் ஒளியில் ஆராய்ந்து, அது நம் இல்லத்திற்கும் கடைக்கும் கழனிக்கும் கூறும் பாடத்தை உணர்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மலைமேல் ஓர் ஆலை

பழநி மலைத் தொடர் ஜைனர்களாகிய நமக்குப் புதியதோர் இடமன்று. அதன் வடபுற அடிவாரத்தில், பழநிக்கு மேற்கே அமைந்த ஐவர்மலையில் தீர்த்தங்கரர் திருவுருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டு இன்றும் காட்சி தருகின்றன. தெற்கே கம்பம் பள்ளத்தாக்கில் உத்தமபாளையத்துப் பாறையிலும் அவ்வாறே காணலாம். கல்லே படுக்கையாகவும் சுனைநீரே பருகுநீராகவும் கொண்டு முனிவர்கள் தவமியற்றிய நிலம் அது.

அம்மலையின் உச்சியில், கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 2,100 மீட்டர் உயரத்தில் கொடைக்கானல் நகரம் உள்ளது. சுற்றிலும் சோலைக்காடுகள். மழைநீரைப் பஞ்சுபோல் உறிஞ்சி வைத்து, கோடைக் காலத்தும் சிறுகச் சிறுக விடுவிப்பன அச்சோலைகள். அவற்றுள் ஒன்று பாம்பாற்றுச் சோலை. அவ்விடத்து ஊறும் பாம்பாறு, மலைச்சரிவில் இறங்கிக் கும்பக்கரை அருவியாக வீழ்ந்து, பெரியகுளம் பக்கத்துச் சமவெளியை அடைகின்றது. மலைமேல் செய்வது எதுவாயினும் அது மலையோடு நின்றுவிடுவதில்லை என்பதற்கு அந்த ஆறே சான்று.

இச்சோலைக்கு மேலுள்ள மேட்டில், செயிண்ட் மேரீஸ் சாலையில், 1980களின் முற்பகுதியில் பாதரச வெப்பமானிகள் செய்யும் ஆலையொன்று நிறுவப்பட்டது. காய்ச்சல் கண்டவரின் வாயிலோ அக்குளிலோ வைத்துப் பார்ப்போமே, அந்தக் கண்ணாடிக் குழல்தான். அமெரிக்காவில் நியூயார்க் மாநிலத்து வாட்டர்டவுன் என்னும் ஊரில் செஸ்ப்ரோ-பாண்ட்ஸ் நிறுவனம் நடத்தி வந்த ஆலை மூடப்பட்டு, அதன் இயந்திரங்கள் இங்குக் கொண்டுவரப்பட்டன. பின்னர் 1980களின் பிற்பகுதியில் அந்நிறுவனம் யூனிலீவர் நிறுவனத்தின் உடைமையாயிற்று. 1998இல் பாண்ட்ஸ் இந்தியா நிறுவனம் இந்துஸ்தான் லீவருடன் இணைந்தது. அதுவே 2007 முதல் இந்துஸ்தான் யூனிலீவர் என வழங்கப் பெறுகின்றது.

இவ்வாலைக்கு வேண்டிய பாதரசமும் கண்ணாடியும் வெளிநாட்டிலிருந்து வந்தன. செய்து முடித்த வெப்பமானிகள் வெளிநாட்டிற்கே சென்றன. மலையில் தங்கியவை இரண்டு: தொழிலாளர் பெற்ற கூலி ஒன்று, கழிவு மற்றொன்று.

2001ஆம் ஆண்டு மார்ச் மாதம் அக்கழிவு வெளிச்சத்திற்கு வந்தது. கொடைக்கானல் மூஞ்சிக்கல் பகுதியில் மக்கள் நடமாட்டம் உள்ள இடத்தில் இருந்த பழைய இரும்புக் கடையொன்றில், பாதரசம் ஒட்டிய உடைந்த கண்ணாடித் துண்டுகள் டன் கணக்கில் சாக்குகளில் கிடப்பதைக் கண்ட ஊர்மக்கள், பழநி மலைப் பாதுகாப்புக் குழுவினரோடும் கிரீன்பீஸ் அமைப்பினரோடும் சேர்ந்து ஊரறியச் செய்தனர். ஆலைக்குப் பின்புறம் சோலைச் சரிவிலும் கண்ணாடிக் கழிவு கிடந்தது. அம்மாதமே ஆலையின் இயக்கம் நின்றது. பின்பு நிலையாக மூடப்பட்டது. வகுத்திருந்த நடைமுறையை மீறிக் கண்ணாடிக் கழிவு பழைய பொருள் வணிகர்க்குச் சென்றுவிட்டது என்று நிறுவனம் விளக்கம் கூறிற்று. 2003இல் ஏறத்தாழ 290 டன் எடையுள்ள பாதரசக் கழிவும் பொருள்களும் தூத்துக்குடித் துறைமுகம் வழியாக அமெரிக்காவிற்கே திருப்பி அனுப்பப் பெற்றன. பொருளை ஏற்றுமதி செய்த நாட்டிலிருந்து கழிவையும் ஏற்றுமதி செய்ய நேர்ந்த அரிய நிகழ்ச்சி அது.

பாதரசத்தின் இயல்பு

பாதரசம் நீரைப்போல் பதின்மூன்று மடங்குக்கும் மேற்பட்ட எடையுடையது. உலோகமாயினும் நீர்மமாக ஓடுவது. மூடாத கலத்தில் வைத்தால் கண்ணுக்குத் தெரியாமல், மணமும் இன்றி ஆவியாகும். அவ்வாவி மூச்சோடு நுரையீரலுட் சென்று குருதியிற் கலந்து நரம்பையும் மூளையையும் சிறுநீரகத்தையும் தாக்கும். கைந்நடுக்கம், மறதி, உறக்கமின்மை, ஈறு வீக்கம் ஆகியவை அதன் அறிகுறிகள். அது ஒரு தனிமம்; ஆதலின் மக்கி அழிவதில்லை. ஏரிச் சேற்றிலுள்ள நுண்ணுயிர்கள் அதனை மெத்தில் பாதரசம் என்னும் மேலும் கொடிய நஞ்சாக மாற்றும். அந்நஞ்சைப் புழு உண்ண, புழுவைச் சிறுமீன் உண்ண, சிறுமீனைப் பெருமீன் உண்ணப் படிப்படியாக அதன் செறிவு பெருகும். ஓரறிவுயிர் முதல் ஐயறிவுயிர் ஈறாக எவ்வுயிரையும் அது விட்டு வைப்பதில்லை.

கொடைக்கானல் ஆலைப் பக்கத்து மரங்களிற் படர்ந்த பாசிகளையும் கற்பாசிகளையும் ஐதராபாத்தில் உள்ள அணுசக்தித் துறை ஆய்வு நிலையத்து அறிஞர்கள் சோதித்து, ஆலையிலிருந்து காற்றின்வழிப் பாதரசம் பரவியிருப்பதை 2003இல் வெளியிட்ட கட்டுரையில் எடுத்துக் காட்டினர். பின்னர் கொடைக்கானல் ஏரியின் நீரிலும் சேற்றிலும் மீனிலும் பாதரசம் இருத்தலைக் கண்டு எழுதினர். நாம் ஓரறிவுயிர் என்று கூறும் பாசியே முதற்கண் சாட்சி சொல்லிற்று. காற்றும் நீரும் நிலமும் உயிருடையன என்று கூறும் நம் ஆகமத்தை நம்புவோர்க்கு இது வியப்பன்று.

இத்தகைய துன்பத்தை உலகம் இதற்கு முன்பே கண்டிருக்கிறது. ஜப்பானில் மினமாட்டா என்னும் கடற்கரை ஊரில் சிஸ்ஸோ என்னும் இரசாயன நிறுவனம் 1932 முதல் 1968 வரை பாதரசக் கழிவைக் கடலில் விட்டது. 1956இல் அங்குப் புதியதோர் நரம்பு நோய் கண்டறியப்பட்டது. மீனுண்ட மக்கள் நடை தளர்ந்து, பார்வை குன்றி, பேச்சிழந்தனர். தாயின் கருவிலிருந்த குழந்தைகளும் தப்பவில்லை. 1959இல் அந்நிறுவனத்து மருத்துவர் ஒருவர் ஆலைக் கழிவைப் பூனைக்கு உணவோடு அளித்துப் பார்த்து, அதே நோய் வருவதைக் கண்டார். அச்சோதனையும் ஹிம்சையே என்பதில் ஐயமில்லை. எனினும் அதனால் தெரிந்த உண்மையையும் நிறுவனம் வெளியிடாது மறைத்தது அதனினும் பெரிய ஹிம்சை. கழிவு விடுவது நிற்க மேலும் ஒன்பது ஆண்டுகள் ஆயின. அவ்வூரின் பெயராலேயே 2013இல் மினமாட்டா உடன்படிக்கை உருவாயிற்று. 2017இல் நடைமுறைக்கு வந்த அவ்வுடன்படிக்கையை இந்தியா 2018இல் ஏற்றது. பாதரச வெப்பமானிகளைச் செய்தலும் ஏற்றுமதி, இறக்குமதி செய்தலும் 2020க்குப் பின் நிற்க வேண்டும் என்பது அதன் பொதுவிதி. காய்ச்சலை அளக்க வேண்டிய தேவை உலகில் அப்படியே உள்ளது. அத்தேவையை மின்னணு வெப்பமானி நிறைவு செய்கின்றது. சமுதாயத்தின் தேவைக்குப் பாதரசம் இன்றியமையாததன்று என்பது இதனால் விளங்கும்.

குற்றம் எங்கே உள்ளது?

வெப்பமானி செய்தது குற்றமன்று. நோயாளிக்கு உதவும் கருவியை ஆக்குவது நற்றொழிலே. சிராவக ஒழுக்க நூல்கள் விலக்கும் கொடுந்தொழில்களுள் விஷ வாணிபம் ஒன்று. ஆனால் இவ்வாலை விற்றது நஞ்சன்று, மருத்துவக் கருவி. ஊதியம் பெற்றதும் குற்றமன்று. ஊதியமின்றி எத்தொழிலும் நில்லாது. பின்னர்க் குற்றம் எங்கே உள்ளது?

முனிவர்கட்கு உரிய ஐந்து சமிதிகளை நினைவு கூர்வோம். உயிர்க்கு ஊறு நேராவண்ணம் நிலம் பார்த்து நடத்தல் ஈர்யா சமிதி. இதமாகவும் அளவாகவும் பேசுதல் பாஷா சமிதி. தூய உணவை ஆராய்ந்து ஏற்றல் ஏஷணா சமிதி. பொருள்களை எடுக்கும்போதும் வைக்கும்போதும் பார்த்துச் செய்தல் ஆதான நிக்ஷேபணா சமிதி. ஐந்தாவது உத்ஸர்க்க சமிதி. பிரதிஷ்டாபனா சமிதி என்றும் கூறுவர். மலம், நீர், சளி முதலிய கழிவுகளை, உயிர்கள் இல்லாததும் பிறர்க்குத் தொல்லை தராததுமான இடத்தை நோக்கி, மயிற்பீலியால் மெல்ல ஒதுக்கி, அதன்பின் விடுதல் என்பது அது.

உடைமை யாவும் துறந்தவர், உடையும் இல்லாதவர், பீலியும் கமண்டலமும் அன்றி வேறு பொருள் தொடாதவர். அத்தகைய முனிவர்க்கும் தாம் கழிப்பது எங்கு வீழ்கிறது என்று பார்க்கும் கடமை உண்டு என்று அறம் விதிக்கின்றது. கழித்தவுடன் உறவு அற்றுப் போயிற்று என்று அறம் கருதவில்லை. நாம் எடுப்பதற்கு எத்துணைப் பொறுப்பு உண்டோ அத்துணைப் பொறுப்பு விடுவதற்கும் உண்டு. ஒரு நாளைக்கு ஒருமுறை மட்டும் உண்ணும் துறவிக்கே இவ்விதி என்றால், டன் கணக்கில் நஞ்சைக் கையாளும் ஆலைக்கு இவ்விதி எத்துணை மடங்கு பெருகும் என்று எண்ணிப் பாருங்கள்.

ஆலைக் கணக்கேட்டில் பாதரசம் வாங்கிய விலை உண்டு, கண்ணாடியின் விலை உண்டு, கூலி உண்டு, கப்பற் கூலி உண்டு, விற்ற தொகை உண்டு. சோலைக்குள் வீழ்ந்த பாதரசம் எந்தப் பக்கத்தில் எழுதப்பட்டது? தொழிலாளி வீட்டுக்குச் சுமந்து சென்ற நஞ்சு எந்தத் தலைப்பில் பற்று வைக்கப்பட்டது? எழுதாத செலவு இல்லாத செலவு ஆகிவிடாது. அதனை வேறு யாரோ செலுத்துகின்றார் என்பதே பொருள். கொடைக்கானலில் அதனைச் செலுத்தியவர் தொழிலாளரும் சோலையும் ஏரியும் ஆவர்.

களவின் புதிய உருவம்

கள்ளாமை என்னும் அணுவிரதத்திற்கு நம் நூல்கள் கூறும் அதிசாரங்கள் ஐந்து. திருட்டுக்குத் தூண்டுதல், திருட்டுப் பொருளை வாங்குதல், அரசாணையை மீறிப் பொருளீட்டுதல், குறைந்த எடையால் விற்று மிகுந்த எடையால் வாங்குதல், நல்ல பொருளோடு போலியைக் கலத்தல் என்பன. இவ்வைந்தும் பெரும்பாலும் கடைவீதியில் நிகழ்வன என்பதைக் காண்க. கன்னம் வைப்போனையும் வழிப்பறி செய்வோனையும் பற்றி ஆசிரியர்கள் விரித்துரைக்கவில்லை. அவன் கள்வன் என்பது ஊரறிந்தது. தராசின் பின்னே அமர்ந்திருக்கும் நல்லவனையே அவர்கள் எச்சரித்தார்கள்.

களவு என்பதற்கு அறநூல்கள் தரும் இலக்கணம், கொடுக்கப்படாததை எடுத்துக்கொள்ளுதல் என்பது. தொழிலாளி கூலிக்குத் தன் உழைப்பைக் கொடுத்தான். தன் நரம்பைக் கொடுக்கவில்லை. ஊரார் ஆலைக்கு நிலம் கொடுத்தனர். காற்றின் தூய்மையைக் கொடுக்கவில்லை. பாம்பாற்றின் கீழே வாழும் உழவரை எவரும் கேட்கவும் இல்லை. கேளாது எடுக்கப்பட்டவை இவை. ஆதலின் தன் நட்டத்தைப் பிறர் கணக்கில் எழுதிவிட்டு ஊதியம் என்று காட்டுவது, தராசில் புளி ஒட்டி விற்பதன் பெரிய உருவமே ஆகும். எடை குறைத்தவன் ஒரு படி அரிசியில் ஒரு பிடி எடுத்தான். இங்கு எடுக்கப்பட்டதை அளக்க இன்றளவும் படி இல்லை.

ஆரணி, போளூர், வந்தவாசிப் பக்கங்களில் வாழும் நம் குடும்பங்கட்கு இதனை விளக்கப் பாலாறு ஒன்றே போதும். ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டைத் தோல் ஆலைகளின் கழிவு பாலாற்று நிலத்தையும் கிணறுகளையும் கெடுத்தமை குறித்து வேலூர் மக்கள் நல அமைப்பு தொடுத்த வழக்கில், 1996ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மாசு செய்தவரே அதனைப் போக்கும் செலவையும், பாதிக்கப்பட்டோர்க்கு ஈட்டையும் தாங்க வேண்டும் என்பது அத்தீர்ப்பின் சாரம். தோற்பொருள் ஏற்றுமதியால் நாட்டிற்கு அந்நியச் செலாவணி வருவதையும், பலர்க்கு வேலை கிடைப்பதையும் நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. ஆயினும் அக்காரணம் பற்றி நிலத்தையும் நீரையும் அழிக்கும் உரிமை அத்தொழிலுக்கு இல்லை என்றது. இராணிப்பேட்டையில் 1990களின் நடுவில் மூடப்பட்ட குரோமேட் ஆலையொன்றின் கழிவு, ஒரு இலட்சம் டன்னுக்கும் மேலாக, மலைபோல் பல்லாண்டுகள் அங்கேயே கிடந்தது. உரிமையாளரின் கணக்கு முடிந்துவிட்டது. ஊரின் கணக்கு முடியவில்லை.

தொழிலாளர் பட்ட துயரம்

அஹிம்சை அணுவிரதத்தின் ஐந்து அதிசாரங்களுள் மிகு பாரம் ஏற்றுதலும் ஒன்று. மாட்டின் மீதும் பணியாள் மீதும் அவர் தாங்கும் அளவிற்கு மேல் சுமையேற்றலாகாது என்பது அதன் கருத்து. கண்ணுக்குத் தெரியும் சுமையைக் கண்டால் இரக்கம் பிறக்கும். மூச்சுக்காற்றின் வழியே ஏறும் சுமையைக் கண்டு இரங்குவோர் யார்?

உடையில் பாதரசத் துளிகளோடு வீடு திரும்பியதாகவும், அதன் தீங்கை யாரும் தமக்கு எடுத்துரைக்கவில்லை என்றும் முன்னாள் தொழிலாளர் கூறினர். தம் தொழிலாளர் எவர்க்கும் பாதரசத்தால் உடல்நலம் கெடவில்லை என்று நிறுவனம் கூறி வந்தது. தொழிலாளர் சங்கம் 2006இல் சென்னை உயர் நீதிமன்றத்தை அணுகியது. நோய்க்கும் பாதரசத்திற்கும் தொடர்பு காட்டப் போதிய சான்று இல்லை என்று ஒரு நிபுணர் குழு உரைத்தது. தொழிலாளரும் அவர்தம் பிள்ளைகளும் பாதிக்கப்பட்டமைக்கு முகாந்திரம் உண்டு என்று 2011இல் மத்தியத் தொழிலாளர் அமைச்சகத்தின் அறிக்கை உரைத்தது. 2015இல் இளம் பாடகி சோஃபியா அஷ்ரஃப் பாடிய ஒரு பாடல் காணொலியாகப் பரவி, உலகெங்கும் இச்செய்தியை எடுத்துச் சென்றது. 2016 மார்ச் மாதம், 591 முன்னாள் தொழிலாளரும் அவர் குடும்பத்தாரும் சார்ந்த உடன்பாடு ஏற்பட்டது. மனிதாபிமான அடிப்படையில் தரும் உதவி என்று நிறுவனம் அதனைக் கூறிற்று.

ஆலை மூடியது 2001இல், உடன்பாடு 2016இல். இடைப்பட்ட பதினைந்து ஆண்டுகளில் அத்தொழிலாளருட் பலர் இளமை கடந்தனர். சிலர் உலகையே கடந்தனர். மண்ணைத் தூய்மை செய்வதிலும் இத்தகைய நீண்ட வாதமே நிகழ்ந்தது. ஒரு கிலோ மண்ணில் 20 மில்லிகிராம் வரை பாதரசம் இருக்கலாம் என்ற அளவை மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் ஏற்றது. சோலைக்காட்டின் தலைமாட்டில் உள்ள நிலத்திற்கு அவ்வளவு போதாது, மேலும் கடுமையாக வேண்டும் என்று மக்கள் இயக்கத்தார் வாதிட்டனர். முதலிலேயே பார்த்து வைத்திருந்தால், இவ்வாதமும் வழக்கும் செலவும் கண்ணீரும் எதற்கு?

இரண்டு மறுப்புகள்

'இவ்வாறு ஆராய்ந்தால் எந்தத் தொழிலும் நடவாது. தொழிலின்றி வேலை ஏது, வாழ்வு ஏது?' என்று சிலர் வினவக்கூடும். நியாயமான வினாவே. ஆலை மூடப்பட்டபோது அம்மலையில் பல குடும்பங்கள் வருவாய் இழந்தன என்பதை மறக்கலாகாது. இல்லறத்தார் செய்யும் ஹிம்சையை நம் முன்னோர் நால்வகையாகப் பகுத்தனர். வேண்டுமென்றே செய்வது சங்கல்ப ஹிம்சை. சமையல் முதலிய வீட்டுப் பணியில் நேர்வது ஆரம்ப ஹிம்சை. பிழைப்புத் தொழிலில் நேர்வது உத்யோக ஹிம்சை. தற்காப்பில் நேர்வது விரோத ஹிம்சை. இவற்றுள் முதலாவதை மட்டும் இல்லறத்தான் அறவே விட வேண்டும். உழவன் ஏர் பிடிக்கையில் புழு மடியும். அதற்காக உழவை அறம் தடுக்கவில்லை. ஆனால் எஞ்சிய மூன்றிலும் விழிப்போடு நடந்து தீங்கைக் குறைக்க வேண்டும் என்பது கட்டளை. உத்யோக ஹிம்சை என்னும் பெயர் அலட்சியத்திற்கு வழங்கிய அனுமதிச் சீட்டன்று. பாதுகாப்போடு நடந்திருந்தால் ஆலையும் மூடப்பட்டிராது, தொழிலாளர் வேலையும் போயிராது, உடலும் கெட்டிராது. தொழிலை அழித்தது அறக் கேள்வியன்று. அக்கேள்வியை உரிய காலத்தில் கேளாமையே.

'மேலதிகாரிகள் தீய எண்ணத்தோடு செய்யவில்லையே. தொலைவில் அமர்ந்திருப்போர்க்கு வினை எவ்வாறு சேரும்?' என்பது மற்றொரு வினா. உமாசுவாதி ஆசாரியர் தத்துவார்த்த சூத்திரத்தில் ஹிம்சைக்கு இலக்கணம் வகுக்கையில் கொடிய எண்ணத்தை அடிப்படையாக்கவில்லை. பிரமாதம் எனப்படும் விழிப்பின்மையையே அடிப்படையாக்கினார். பகைமையின்றியும் பிரமாதம் உண்டாகும். 'என் வேலை விற்பனை. கழிவு வேறு ஒருவர் வேலை' என்று கூறும் ஒவ்வொரு மேசையிலும் அது அமர்ந்திருக்கும். சொக்கட்டான் காய்போல் பொறுப்பு ஒருவரிடமிருந்து ஒருவர்க்கு நகர்ந்து கொண்டேயிருக்க, பாதரசம் மட்டும் நகர வேண்டிய இடத்திற்கு நகர்ந்து சென்றுவிடும்.

நம் பங்கு யாது?

இதனைப் படிக்கும் நாம், 'அது பெரிய நிறுவனத்தின் கதை' என்று ஏட்டை மூடிவிட இயலாது. வினை மூவழியில் சேரும் என்பது நம் சித்தாந்தம்: தான் செய்தல், பிறரைக் கொண்டு செய்வித்தல், பிறர் செய்வதை உடன்பட்டு மகிழ்தல். கிருதம், காரிதம், அனுமோதனை என்பன அவை. நம் பிள்ளைகள் இன்று பொறியாளராகவும் தணிக்கையாளராகவும் மேலாளராகவும் பெரிய நிறுவனங்களிற் பணியாற்றுகின்றனர். பலர் பங்குகள் வைத்துள்ளனர். அறியாது பங்கு வாங்கியவர்க்கு அனுமோதனை முழுதாகச் சேரும் என்று கூறுதல் மிகையாகும். ஆனால் அறிந்த பின்னும் பங்காதாயத்தை மட்டும் எண்ணி மகிழ்ந்து வாளாவிருத்தல் அனுமோதனையே. ஆண்டுக் கூட்டத்தில் ஒரு வினா எழுப்பவும், ஆண்டறிக்கையில் கழிவைப் பற்றிய பக்கத்தைத் தேடிப் படிக்கவும் பங்குதாரர் எவர்க்கும் உரிமை உண்டு. கையொப்பமிடும் பொறியாளரும் தணிக்கையாளரும் பேனாவைத் திறக்குமுன் ஒரு நொடி நின்று, முனிவர் தம் பீலியால் இடம் ஒதுக்கும் காட்சியை மனத்தில் கொள்வாராக.

சிறு வணிகமும் உழவும் செய்வோர்க்கும் இவ்விதி பொருந்தும். நெல் புழுக்கிய கழிநீர் யார் நிலத்தில் பாய்கிறது? சாய நீர் எந்த வாய்க்காலில் கலக்கிறது? நகைப் பட்டறையின் அமிலம் எந்தச் சாக்கடையில் ஊற்றப்படுகிறது? பூச்சிமருந்து டப்பாவைக் கழுவிய நீர் எந்தக் கிணற்றில் இறங்குகிறது? பழைய மின்கலங்களும் உடைந்த குழல் விளக்குகளும் எங்குப் போகின்றன? தொழில் செய்வோர் ஒவ்வொருவரும் நான்கு வினாக்களைத் தமக்குத் தாமே கேட்டுக் கொள்ளலாம். என் தொழிலின் கழிவு எங்கே செல்கிறது? அங்கே அதனைச் சுமப்பவர் யார்? சுமப்பவர்க்கு அதன் தீங்கை அறிவித்தேனா? அதனைப் போக்கும் செலவை என் கணக்கில் எழுதினேனா? நான்காம் வினாவிற்கு விடை கண்ட பின்னரும் எஞ்சி நிற்பது எதுவோ அதுவே உண்மையான ஊதியம்.

இல்லத்தரசியர்க்கு ஒரு சிறு குறிப்பு. பழைய பாதரச வெப்பமானி வீட்டில் உடைந்துவிட்டால், துடைப்பத்தால் பெருக்க வேண்டா. துளி சிதறி மேலும் ஆவியாகும். குழந்தைகளை அப்பால் அனுப்பிச் சன்னல்களைத் திறந்து, கெட்டி அட்டையால் துளிகளை ஒன்று சேர்த்து, மூடியுள்ள கண்ணாடிக் குப்பியில் இட்டு இறுக மூடுக. சாக்கடையிலோ குப்பைக் கூடையிலோ போட வேண்டா. அபாயக் கழிவாகப் பெற்றுக் கொள்ளும் மருத்துவமனையிடமோ நகராட்சியிடமோ கேட்டு ஒப்படைக்க. இதுவும் உத்ஸர்க்க சமிதியே.

முதலும் ஊதியமும்

ஐவர்மலையில் வட்டெழுத்துக் கல்வெட்டொன்று உள்ளது. சக ஆண்டு 792, அதாவது கி.பி. 870இல், பாண்டியன் வரகுணனின் எட்டாம் ஆட்சியாண்டில் பொறிக்கப்பட்டது. குணவீரக் குரவடிகளின் மாணாக்கராகிய சாந்திவீரக் குரவர், அங்கிருந்த பார்சுவ பட்டாரர் திருவுருவையும் இயக்கியர் உருவையும் புதுப்பித்து, வழிபாட்டிற்கும் அடிகள் ஒருவர்க்கு உணவிற்கும் 505 காணம் பொன் அளித்த செய்தியை அது கூறும். அக்கால அறக்கட்டளைகளின் முறை நாம் அறிந்ததே. வைத்த முதலை எவரும் தொடுவதில்லை. அதன் வளர்ச்சியைக் கொண்டே விளக்கு எரியும், அமுது படைக்கப்படும். முதலைத் தின்றவன் அறத்தைத் தின்றவனாகக் கருதப்பட்டான்.

சோலையும் சுனையும் காற்றும் தொழிலாளியின் உடல்நலமும் சமுதாயத்தின் முதல். அம்முதலின் விளைவைக் கொண்டு தொழில் நடத்தலாம், பொருள் ஈட்டலாம், தானம் செய்யலாம். முதலையே கரைத்து அதனை ஊதியம் என்று எழுதிக் கொள்வது வாணிபமும் அன்று, அறமும் அன்று. மிகுபொருள் விரும்பாமை என்னும் ஐந்தாம் அணுவிரதம் இவ்வளவு போதும் என்று ஓர் எல்லை கட்டச் சொல்கின்றது. எல்லை கட்டியவனுக்கு அவசரம் இல்லை. அவசரம் இல்லாதவனுக்குப் பார்த்து வைக்க நேரம் உண்டு.

வரும் தசலக்ஷண பருவத்தில் பிரதிக்கிரமணம் செய்யும்போது, ஓராண்டில் நாம் ஈட்டியதை எண்ணுவதோடு நாம் கழித்தது எங்கு வீழ்ந்தது என்பதையும் எண்ணுவோமாக. அறியாது செய்த தீங்கை உணர்ந்து, உணர்ந்ததைத் திருத்தி, நம் மக்கட்கும் அதனைக் கற்பிப்போமாக. அவர்கள் நடத்தும் தொழிலால் எவ்வுயிர்க்கும் அச்சம் விளையாதிருப்பதாகுக!

வாழ்க அருகன் திருவறம்! வளர்க உயிரிரக்கம்!